பாங்கை எடுக்கக் கூடாது

மஹ்ரூபின் மூத்த மகள் என்ன தொழில் செய்கிறாள் என்று மடவளையில் யாரைக் கேட்டாலும் ஒரே பதில்தான் வரும்: "சவுண்ட் செட் வாடகைக்குக் குடுக்கிற."

பஸ்லினா திருத்திப் பார்த்தாள். ஆவணப்படங்களுக்கு ஒலி அமைப்பவள் நான், படத்தில் கேட்கும் காற்று, மழை, கதவு, மூச்சு எல்லாவற்றையும் ஊர் ஊராகப் போய்ப் பொறுக்கிச் சேர்ப்பவள் நான் என்று விளக்கினாள். பொறுமையாகக் கேட்ட பெரியம்மா ஒருத்தி, "அப்ப கலியாணத்துக்கு ஸ்பீக்கர் தரமாட்டீங்களா?" என்றாள். பஸ்லினா அன்றோடு விளக்குவதை விட்டாள்.

மன்னாரில் கருவாட்டை மொய்க்கும் ஈக்களை ஒரு பகல் முழுக்கப் பதிவு செய்தவள் அவள். மணல் அள்ளும் வாளியின் சத்தத்துக்காக மகாவலியில் இடுப்பளவு தண்ணீரில் நின்றவள். அந்த இரண்டு படங்களும் கடல் கடந்து போய் வந்தன. வாப்பாவின் துணிக்கடைக்கு வருகிறவர்கள் மட்டும் இன்னும் ஸ்பீக்கர் வாடகை விசாரிக்கிறார்கள்.

மூன்றாவது படம்தான் நேராக வீட்டுக்குள் வந்து கதிரை போட்டு உட்கார்ந்துவிட்டது.

கடுகண்ணாவையில் கல்லுடைக்கும் இடம் ஒன்று. அதற்குக் கீழே பேச்சியம்மாவின் வீடு. பகலில் மட்டும் வெடி வைக்கத்தான் அந்த இடத்துக்கு அனுமதி. ஆனால் அன்று விடியுமுன்னே மேலே வெடி வைத்தார்கள். கீழே பேச்சியம்மாவின் அடுப்படிச் சுவர் விழுந்தது. வெடிக்குச் சற்று முன் இருட்டில் யாரோ ஒருவன் மேட்டில் நின்று, எல்லாரையும் வீட்டை விட்டு வெளியே வரச் சொல்லிக் கத்தினான். அவன் கத்தியிராவிட்டால் பேச்சியம்மா அந்தச் சுவரோரம்தான் அடுப்பு மூட்டிக்கொண்டிருந்திருப்பாள்.

பஸ்லினா அன்று அங்கேதான் இருந்தாள். விடியற்காலைப் பறவைச் சத்தம் எடுக்கவென்று முற்றத்தில் மைக்கை நட்டிருந்தாள். பறவைக்கு விரித்த வலையில் வெடி விழுந்தது.

அந்தக் கல்லுடைக்கும் இடத்தின் முதலாளி லாபிர் ஹாஜியார். அவருடைய மகன் ஸிபான். ஸிபானுக்கு நிச்சயம் செய்திருப்பது பஸ்லினாவின் தங்கை அனீஸாவை. படம் தொடங்கியது முந்தி, சம்பந்தம் வந்தது பிந்தி. கதையைத் தொடர்ந்து வருகிறவர்கள் போன வாரமே நெற்றியில் கை வைத்துவிட்டார்கள். இன்று புதிதாக வருகிறவர்கள் இப்போது வைத்துக்கொள்ளலாம்.

\*

கண்டியில் உள்ள வாப்பாவின் கடைக்குப் பின்னால் இருக்கும் துணி ஸ்டோர்தான் பஸ்லினாவின் ஸ்டூடியோ. நாலு பக்கமும் முகடு வரைக்கும் துணி அடுக்கியிருப்பதால் எதிரொலி என்ற பேச்சுக்கே இடமில்லை. கொழும்பில் காசு கொடுத்து வாங்குகிற நிசப்தத்தை, வாப்பாவின் சீத்தைத் துணி சும்மா தந்தது.

காலையிலேயே இயக்குநர் ரமேஸ் கொழும்பிலிருந்து அழைத்தான்.

"பஸ்லினா, இன்னைக்குப் பின்னேரத்துக்குள்ள முடிவான சவுண்ட் வேணும். ஹாஜியாரோட லோயர் திரும்பவும் பேசினார். அந்த வெடி விடியுறதுக்கு முந்தி வச்சதுன்னு என்ன சாட்சின்னு கேக்குறார். நீங்க சொல்றது மட்டும் பத்தாதாம். ரெக்கோடர்ல உள்ள நேரத்த யாரும் மாத்தலாமாம்."

"சாட்சி பதிவுக்குள்ளேயே ஈக்கி, ரமேஸ். நீங்க வெட்டி எடுக்கச் சொல்ற சத்தம்தான் சாட்சி." 'இருக்கு' என்பதை எங்கள் ஊரில் 'ஈக்கி' என்போம்.

"பாங்கா?"

"பாங்குதான்." மேட்டுப் பள்ளிவாசலின் தொழுகை அழைப்பும் வெடியோடு சேர்ந்தே பதிவாகியிருந்தது.

ரமேஸ் பெருமூச்சு விட்டான். பயந்தவனின் மூச்சுக்கும் களைத்தவனின் மூச்சுக்கும் வித்தியாசம் தெரிந்த காது பஸ்லினாவுடையது. இது பயம்.

"அதப் பத்தி ஏற்கனவே பேசிட்டோம். வெடிச் சத்தம், அதோட சேர்த்துப் பாங்குச் சத்தம். இந்த நாட்டுல அத எப்படி எடுத்துக்குவாங்கன்னு எனக்கும் தெரியும், ஒங்களுக்கும் தெரியும். ஒங்க ஆளுங்களுக்காகத்தான் சொல்றேன்."

"எங்கட ஆக்களுக்காக எங்கட பாங்க அழிக்கப் போறீங்களா?" பஸ்லினாவின் குரல் உயர்ந்தது. "அந்த ஊர்ல விடியக்குள்ள பாங்கு கேக்கும். கோயில் மணி கேக்கும். புத்த பன்சலைல பிரித் ஓதுறது கேக்கும். இதுல ஒண்ட மட்டும் நான் ஒளிச்சு வெச்சா, அது குத்தம் எண்டு நானே ஒத்துக்கொண்ட மாதிரி. ஒளிக்க மாட்டேன்."

"சரி, பாங்கு அஞ்சு வேளையும் சொல்றதுதானே? அதுல என்ன சாட்சி?"

"அஞ்சும் ஒண்டில்ல. நீங்க முழுசாக் கேட்டீங்களா?"

"வெடி வரைக்கும் கேட்டேன்."

"எல்லாரும் அதோடயே நிப்பாட்டுறீங்க."

மறுமுனையில் யாரோ ரமேஸைக் கூப்பிட்டார்கள். அவன் அவசரப்பட்டான். "ஒண்ணு செய்யலாம். அந்தப் பள்ளிவாசல் தலைவர் பாங்கு இருக்கட்டும்னு தன் வாயால சொல்லட்டும், வச்சிக்கிறேன். இல்லேன்னா பாங்கும் போகும், வெடியும் போகும். அந்த எடத்துல மழைச் சத்தம் போடுங்க. மழையில சுவர் விழுந்ததா இருக்கட்டும்."

"அண்டைக்கு மழை பெய்யல்ல."

"பாக்கிறவங்களுக்குத் தெரியாது."

"பேச்சியம்மாவும் பாப்பாங்க."

"நீங்க மழை போடலேன்னா வேற ஆள் போடுவார், பஸ்லினா. படத்துல ஒங்க பேரும் வராது. மன்னிச்சிக்கோங்க."

ரமேஸ் போனை வைத்தான். அந்தப் பள்ளிக்குத் தலைவர் யார் என்று அவனுக்குத் தெரியாது. பஸ்லினாவுக்குத் தெரியும். லாபிர் ஹாஜியார்தான்.

அவளுக்குச் சிரிப்பு வந்தது. திருடனிடமே போய்ச் சாவி கேட்கச் சொல்லிவிட்டான் பாவி.

முன்கடையில் வாப்பா மஹ்ரூப், கொழும்பிலிருந்து வந்த மொத்த வியாபாரியோடு மல்லுக்கு நின்றார்.

"முழுச் சுருளையும் விரிங்க."

"மேல பாத்தீங்கதானே முதலாளி? எல்லாம் ஒரே சரக்குதான்."

"மேலால பாத்தா எல்லாரும் நல்லவன்தான். அடி வரைக்கும் விரிச்சுப் பாக்காம நான் கை குடுக்கிறல்ல. கை குடுத்தா மாத்துறதும் இல்ல."

சுருள் அடி வரைக்கும் விரிந்தது. அடியில் ஒரு முழம் சாயம் போயிருந்தது. வியாபாரி உடனே மின்விசிறியின் அழகை ரசிக்கத் தொடங்கினான்.

மஹ்ரூப் அந்த வெற்றியின் சூடு ஆறுமுன் ஸ்டோருக்குள் வந்தார். மகளைப் பார்த்ததும் சூடு ஆறிவிட்டது.

"பகல் சாப்பாட்டுக்கு ஹாஜியார் ஊட்டுக்கு வாரார். கலியாணத்துக்கு நாள் குறிக்க. ஸிபான் வேலையா கொழும்புக்குப் போயாம், அவர் தனியத்தான் வாரார்." துணி மூட்டையொன்றில் உட்கார்ந்தார். "ஒரு சத்தம்தானே மகள். சாயம் போன முழத்த நான் வெட்டி எறியிறல்லியா? அப்பிடி வெட்டி எறியேன்."

"நீங்க வெட்டி எறிவீங்க வாப்பா. அத உள்ளுக்கு மடிச்சு வெச்சு, நல்ல துணி எண்டு விக்க மாட்டீங்களே."

"வாய்க்கு ஒண்டும் கொறச்சலில்ல."

"கடைல வளந்ததுதானே."

மஹ்ரூப் எழுந்தார். கோபத்தில் அவர் கத்துகிறவர் அல்ல, குரலை இறக்குகிறவர். "ஒனக்கு இந்தப் படம் இல்லாட்டி வேற படம் வரும். ஒன்ட தங்கச்சிக்கு இந்தச் சம்பந்தம் போனா, வாற ஒவ்வொருத்தனுக்கும் நான் ஏன் போனது எண்டு கதை செல்லணும். அத மட்டும் யோசி."

அதை மட்டும்தான் அவள் ஒரு கிழமையாக யோசித்துக்கொண்டிருந்தாள்.

\*

நேர்காணல் முடிந்ததும் பஸ்லினா எல்லாரையும் ஒரு நிமிடம் அசையாமல் இருக்கச் சொல்வாள். அந்த அறையின் வெறும் நிசப்தத்தைப் பதிவு செய்ய. ஒவ்வோர் அறைக்கும் ஒவ்வொரு நிசப்தம் உண்டு. வெட்டி ஒட்டிய பேச்சுக்கு அடியில் அதை விரித்தால்தான் தையல் தெரியாது.

சொந்த வீட்டின் நிசப்தத்தை எடுக்க அவள் எத்தனையோ தரம் முயன்றிருக்கிறாள். கிடைத்ததேயில்லை. உம்மா றமீஸா மூச்சைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் இருப்பாள். பிறகு மெதுவாக, "முடிஞ்சா?" என்பாள். உடனே வாப்பா, "பேசாதீங்க" என்பார். உடனே உம்மா, "நீங்கதானே பேசுறீங்க" என்பாள். அவ்வளவுதான்.

மடவளை வீடு அன்றும் அப்படித்தான் இருந்தது. அடுக்களையில் நெய்ச்சோறு, அதைவிடச் சூடாக உம்மா.

"நீ அந்த மனிசனுக்கு முன்னால வாயத் தொறக்காத. பரிமாறு, சிரி, உள்ளுக்கு வா."

"சிரிக்க வேற வேணுமா உம்மா?"

"பல்லு தெரியாமச் சிரி."

அனீஸா வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தாள். கண்ணீர் வெங்காயத்தால்தான் என்று சொல்ல வசதியான வேலை. உம்மா அந்தப் பக்கம் போனதும் பஸ்லினா அருகில் போனாள்.

"நீ ஒண்டும் செல்ல மாட்டியா?"

"என்ன செல்ல, தாத்தா?" எங்கள் வீடுகளில் அக்காவைத்தான் தாத்தா என்போம். "வெட்டச் சென்னா பேச்சியம்மாட பாவம். வெட்ட வேணாம் எண்டா உம்மாட கண்ணீர். எனக்கு ஸிபானப் புடிச்சீக்கி. அது மட்டும்தான் எனக்கு நிச்சயமாத் தெரியும்."

"வாயே தொறக்காத மனிசன. என்னத்தப் புடிச்சிச்சோ."

"ஒங்களுக்கு முன்னாலதான் தொறக்கல்ல. போன்ல விடிய விடியப் பேசுவார்."

நிச்சயத்தன்று ஸிபான் பேசியது இரண்டே வார்த்தை. வந்ததும் ஒரு ஸலாம். சோறு போட்டபோது ஒரு "போதும்". சத்தத்தைத் தொழிலாகக் கொண்ட பஸ்லினாவுக்கு மைத்துனனாக வரப்போகிறவனின் குரல் தெரியாது.

\*

லாபிர் ஹாஜியார் ஒரு தட்டு இனிப்பு வட்டிலப்பத்தோடு வந்தார். வட்டிலப்பம் கொண்டுவருகிறவர் ஒன்று கொடுக்க வருவார், அல்லது பெரிதாக ஒன்றை எடுக்க வருவார். மலையையே விலை பேசி வாங்கிய மனிதர் அவர். சாப்பிட்டார், புகழ்ந்தார், கை கழுவினார், கதிரையில் சாய்ந்தார். நாள் குறிக்கிற பேச்சை எடுக்கவில்லை.

"மகள் பஸ்லினா, ஒங்கட வேலைக்கு நல்ல எடம் ஒண்டு ஈக்கி. கண்டில நம்மட புதுக் கட்டடத்துல மேல் மாடி. கண்ணாடி அடிச்சு, ஏசி போட்டுத் தாரன். வாடக வேணாம். குடும்பம்தானே."

"அல்ஹம்துலில்லாஹ். அதுக்கு நான் என்ன தரணும் மாமா?"

ஹாஜியார் தொடையில் தட்டிச் சிரித்தார். "மஹ்ரூப்ட மகள்தானே! நேரா வெலைக்கு வாரா." சிரிப்பை மடித்து வைத்தார். "வெடிய எடுங்க."

"ஏலா."

"எடுக்க ஏலாட்டி, பாதியாக் கொறைங்க."

"பாதி வெடிக்குப் பாதிச் சுவரா விழுந்திச்சு?"

அடுக்களையில் கரண்டி ஒன்று விழுந்தது. உம்மா.

"பஸ்லினா!" என்றார் மஹ்ரூப்.

"விடுங்க மஹ்ரூப். வியாபாரம்தானே நடக்குது." ஹாஜியார் முன்னால் குனிந்தார். "நாங்க விடியக்கு முந்தி வெடி வெக்கிறல்ல மகள். பகல்ல மட்டும்தான். நீங்க பகல்ல எடுத்த சத்தத்த எந்தச் சுவருக்கும் ஒட்டலாம். ஒங்கட தொழிலே அதுதானே?"

"என்ட தொழில் ஒட்டுறதுதான் மாமா. இது நான் ஒட்டாதது. நீங்களே கேட்டுப் பாருங்க."

அவள் கணினியைத் திறந்து, தொப்பிக்கு மேலாலேயே ஹெட்போனை அவர் காதில் மாட்டினாள். பாங்கு தொடங்குகிற இடத்திலிருந்து ஓடவிட்டாள். "ஆனா முழுசாக் கேக்கணும்."

ஹாஜியார் கண்ணை மூடினார். சட்டென்று முகம் மலர்ந்தது. ஹெட்போன் மாட்டியவர்கள் எல்லாரையும் போல அவரும் உரக்கக் கத்தினார்.

"இது நம்மட மலைப் பள்ளிப் பாங்கு! மஹ்ரூப்! நான் வாங்கிப் போட்ட ஸ்பீக்கர்! கீழ பள்ளம் வரைக்கும் கேக்கும் எண்டு சென்னேன், நிர்வாகத்துல ஒருத்தனும் நம்பல்ல! இந்தா கேக்குது, தண்ணி மாதிரி..."

திடுக்கிட்டு ஹெட்போனைப் பிய்த்தெடுத்தார். வெடி வந்துவிட்டது.

"இன்னும் ஈக்கி மாமா."

"போதும், போதும்."

"முழுசாக் கேளுங்க. பாங்கு முடியல்ல."

"வெடி எப்பிடிக் கேக்கும் எண்டு எனக்குத் தெரியும் மகள். அதுலதானே சோறு தின்னுறேன்."

"சரி. இந்தப் பாங்க எடுக்கச் செல்லி டிரெக்டர் நிக்கிறார்."

"என்ன?" ஹாஜியாரின் தாடி நிமிர்ந்தது. "பாங்க எடுக்கவா? யார் அவன்?"

"பள்ளித் தலைவர் வாயால சென்னா வெச்சுக்கொள்ளுவாராம். ஆனா ஒண்டு மாமா. பாங்கும் வெடியும் ஒரே பதிவு. பாங்கு ஈந்தா வெடியும் ஈக்கும். ரெண்டையும் நான் பிரிக்க மாட்டேன். அதனாலதான் முழுசாக் கேளுங்க எண்டு செல்றன்."

ஹாஜியார் யோசித்தார். விலை படிகிறபோது வியாபாரியின் கண்ணில் ஒரு வெளிச்சம் வரும். அது வந்தது. மஹ்ரூபின் பக்கம் சாய்ந்து குரலைத் தாழ்த்தினார். பஸ்லினாவின் காதுக்கு அது தாழ்வே அல்ல.

"பாங்கு கேக்கிறது நமக்கு நல்லது மஹ்ரூப். மத்தியான ளுஹர் பாங்கு எண்டு நான் செல்லுவேன். பட்டப் பகல். அனுமதியுள்ள வெடி. சாட்சியே நம்மட பக்கம் வருது."

நிமிர்ந்து உட்கார்ந்தார். "போனப் போடுங்க மகள் அந்த டிரெக்டருக்கு. எல்லாருக்கும் கேக்கிற மாதிரிப் போடுங்க."

ரமேஸின் குரல் மேசையிலிருந்து வந்தது. "ஹலோ?"

"நான் மலைப் பள்ளித் தலைவர் லாபிர் ஹாஜியார். பாங்க எடுக்கக் கூடாது. கேட்டீங்களா? எடுக்கக் கூடாது. இன்னும் கொஞ்சம் கூட்டி வைங்க."

ரமேஸ் தடுமாறினான். "அப்போ வெடியும் இருக்கும், சேர். ஒங்க லோயர்..."

"லோயர் நான் செல்றத்தக் கேப்பார். வெடி ஈக்கட்டும். ளுஹர் பாங்கு நேரம் எண்டும் சேர்த்துப் போடுங்க." ஹாஜியார் போனைவிட்டுத் திரும்பி மஹ்ரூபிடம் கையை நீட்டினார். "முடிஞ்சி. பாங்கும் ஈக்கி, மகள்ட வெடியும் ஈக்கி, நம்மட சம்பந்தமும் ஈக்கி. கை தாங்க."

மஹ்ரூபின் கை பாதி வழி போனது. அங்கேயே நின்றது.

மகளுக்காக நின்றது என்று சொல்ல ஆசைதான். ஆனால் பொய். நாற்பது வருடக் கடைப் பழக்கம் அது.

"கொஞ்சம் பொறுங்க ஹாஜியார். நான் இன்னும் விரிச்சுப் பாக்கல்ல."

அவர் ஹெட்போனை எடுத்துத் தானே மாட்டிக்கொண்டார். மகள் ஆறு வருடமாகச் செய்யும் வேலையை மஹ்ரூப் காதுகொடுத்துக் கேட்பது அதுதான் முதல் தடவை. பஸ்லினா மீண்டும் ஓடவிட்டாள்.

பாங்கு கேட்டால் ஒவ்வொரு வரிக்கும் மறுமொழி முணுமுணுப்பது அவருடைய வழக்கம். பஸ்ஸில் போனாலும், கடையில் துணி கிழித்துக்கொண்டிருந்தாலும் உதடு தன்பாட்டில் அசையும். இப்போதும் அசைந்தது. வெடி வந்தபோது தோள் குலுங்கியது, ஆனால் ஹெட்போனைக் கழற்றவில்லை. கல் சரிகிற சத்தம். நாய்கள். பேச்சியம்மாவின் அலறல். மஹ்ரூபின் உதடு நின்றுவிட்டது.

பிறகு, அந்த அலறலுக்கும் நாய்களுக்கும் அப்பால், மலைப் பள்ளியில் பாங்கு சொல்லும் முஅத்தின் விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தார். மஹ்ரூபின் உதடு மீண்டும் அசைந்தது. ஒரு வரி. இன்னொரு வரி. பிறகு எல்லாருக்கும் கேட்க, தன்னையறியாமல், அவர் உரத்துச் சொன்னார்:

"ஸதக்த வபரர்த்த."

ஹாஜியாரின் நீட்டிய கை மெதுவாக மடியில் இறங்கியது.

அந்த மறுமொழி ஒரே ஒரு வரிக்கு உரியது. 'தூக்கத்தை விடத் தொழுகை மேலானது' என்ற வரி. விடியற்காலை சுபஹ் பாங்கில் மட்டும் வருவது. மற்ற நாலு வேளையிலும் அது கிடையாது. இது ரமேஸுக்குத் தெரியாது, லோயருக்குத் தெரியாது. அந்த வீட்டில் பூனையைத் தவிர எல்லாருக்கும் தெரியும்.

மஹ்ரூப் ஹெட்போனைக் கழற்றி மேசையில் வைத்தார்.

"ளுஹர் நேரத்துல யார் ஹாஜியார் தூங்குற?"

சுவர்க் கடிகாரம், அடுக்களையில் கொதிக்கிற தண்ணீர், தெருவில் தூரமாகப் போகும் ஒரு த்ரீவீலர். உம்மா "முடிஞ்சா?" என்று கேட்கவில்லை. இத்தனை வருடம் தேடிய சொந்த வீட்டு நிசப்தம் பஸ்லினாவுக்கு முன்னால் முழுசாக விரிந்து கிடந்தது. ரெக்கோடர் பைக்குள் இருந்தது. அதுதான் அவளுக்கு ஒரே வருத்தம்.

"ஹலோ?" என்றது மேசை. ரமேஸ் இன்னும் இணைப்பில் இருந்தான். "பஸ்லினா, என்ன நடந்துச்சு?"

"பாங்க வாப்பா முழுசாக் கேட்டார், ரமேஸ். விடியற்காலைப் பாங்குல மட்டும் வாற வரி ஒண்டு அதுல ஈக்கி. நம்பாட்டி நீங்களும் வேற பத்துப் பேரக் கேளுங்க. பள்ளித் தலைவர் கூட்டி வெக்கச் சென்னார். கூட்டித்தான் வெக்கப் போறேன்."

ரமேஸ் மூச்சு விட்டான். இந்த மூச்சு வேறு.

"அப்போ மழை வேணாம். அப்படியே அனுப்புங்க. ஒங்க பேரோட."

அவன் போனை வைத்ததும் ஹாஜியார் எழுந்தார். எழுந்த வேகத்தில் கதிரை பின்னால் போய் அலுமாரியில் இடித்தது.

"மஹ்ரூப், நான் நாள் குறிக்க வந்த மனிசன்."

"வந்தீங்க. சாப்பிட்டீங்க. நான் ஒண்டும் கொறை வெக்கல்ல."

"பொம்புளப் புள்ளயத் தெருத் தெருவா மைக்கோட அனுப்பிட்டு, இப்ப என்ட வாயப் புடுங்க வெச்சிட்டீங்க!"

"அவ மூணு தரம் முழுசாக் கேளுங்க எண்டு சென்னா ஹாஜியார். நான் கேட்டுட்டுத்தான் ஈந்தன்." மஹ்ரூபின் குரல் இறங்கிக்கொண்டே போனது. "அடியில சாயம் போயீக்கி. நான் கை குடுக்க மாட்டேன்."

"அப்ப இந்தச் சம்பந்தம் இதோட..."

"அதச் செல்ல வேண்டியது நான்."

அனீஸா வாசல் திரையை விலக்கிக்கொண்டு நின்றாள். கையில் இன்னும் வெங்காய மணம். உம்மா பின்னாலிருந்து அவள் முந்தானையைப் பிடித்து இழுத்தாள். பிடியை விடுவித்துக்கொண்டு வந்து மேசையருகில் நின்றாள்.

"எனக்கும் போடுங்க தாத்தா. எல்லாரும் கேட்டீங்க, என்ட கலியாணத்த நிப்பாட்டுற சத்தத்த நான் மட்டும் கேக்கல்ல. ஆக முன்னுக்கு இருந்து போடுங்க."

பஸ்லினா பதிவின் தொடக்கத்துக்குப் போனாள். பாங்குக்கும் முந்தி. பூச்சிகளின் இரைச்சல், ஒரு சேவல், பிறகு மேட்டிலிருந்து அந்தக் கத்தல்: "வெளிய வாங்க! எல்லாரும் வெளிய வாங்க!"

அனீஸா நிமிர்ந்தாள். "இது யார்?"

"தெரியல்ல. வேல செய்யிற பொடியன் யாராவது ஈக்கும். அவனாலதான் பேச்சியம்மா தப்பினாங்க."

"திருப்பிப் போடுங்க."

திருப்பிப் போட்டாள். அனீஸா ஹெட்போனைக் கழற்றவேயில்லை. அப்படியே தன்னுடைய போனை எடுத்து, யாரையும் கேட்காமல், எண்ணைத் தட்டி மேசையில் வைத்தாள். பிறகுதான் ஹெட்போனைக் கழற்றினாள்.

"சத்தத்துல பெரிய ஆள் எண்டு ஒங்களச் செல்லுறாங்க தாத்தா. இந்தக் குரல ஒங்களுக்குத் தெரியல்லியே."

மணி அடித்தது. ஹாஜியார் பார்த்துக்கொண்டே நின்றார்.

"அனீஸா?" என்றது ஸிபானின் குரல்.

அந்த ஒரு சொல் போதும். பஸ்லினாவின் காது பிடித்துக்கொண்டது. அதே கரகரப்பு. அதே இழுவை. மேட்டிலிருந்து இருட்டில் கத்தியவன்.

"நீங்க எங்க ஈக்கிறீங்க?" என்று கேட்டாள் அனீஸா.

"கொழும்புல ஈக்கான்!" என்றார் ஹாஜியார். "வேலையாப் போயீக்கான்!"

ஸிபான் பதில் சொல்லவில்லை. ஆனால் பேசாதவனுக்குப் பின்னாலும் சத்தம் இருக்கும். பஸ்லினா அதைத்தான் கேட்டாள். செங்கல்லில் கரண்டி தட்டும் ஓசை. மணலைச் சலிக்கும் ஓசை. மேட்டுப் பாதையில் மூச்சிரைக்க ஏறும் ஒரு ரயில். பிறகு, கிட்டத்தில், அவளுக்கு நன்றாகத் தெரிந்த ஒரு பெண் குரல்:

"தம்பி, டீ ஆறிப் போவுது. மொதல்ல குடிங்க, செவுத்த அப்புறம் கட்டலாம்."

பேச்சியம்மா.

ஹாஜியார் போனை எடுக்கக் கையை நீட்டினார். அனீஸா அதைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள்.

"வாப்பா அங்கயா?" என்றான் ஸிபான். "நல்லது. அண்டைக்கு வெடி வெக்கச் சென்னது யார், நான் ஏன் கத்தினேன், எல்லாம் அவருக்கு முன்னாலயே செல்லணும் எண்டுதான் ஈந்தன். போன ஸ்பீக்கர்ல போடுங்க, அனீஸா."

"ஸ்பீக்கர்லதான் ஈக்கி."

அலுமாரியோரம் கிடந்த கதிரையை இழுத்துவந்து ஹாஜியாருக்குப் பின்னால் போட்டாள் பஸ்லினா.

"இருங்க மாமா. இதையாவது முழுசாக் கேளுங்க."